திண்ணையில் வைத்த தட்டு

சின்ன காஞ்சிபுரம்
4.3.2018, ஞாயிறு

அன்புள்ள பாலு,

அக்காவிடம் கேட்டு உன் முகவரியை வாங்கினேன். கொடுக்கலாமா வேண்டாமா என்று யோசிப்பது போனிலேயே தெரிந்தது, ஆனாலும் கொடுத்துவிட்டாள். அவளைக் கோபித்துக்கொள்ளாதே.

வீட்டில் எல்லோரும் சௌக்கியம். மூன்று தறியில் இப்போது ஒன்றுதான் ஓடுகிறது. கோர்வை போடத் தெரிந்த ஆள் கிடைப்பதில்லை, கிடைத்தாலும் கட்டுப்படியாகிற கூலியில் வருவதில்லை. அம்மாவுக்கு முழங்கால் வலி. பெரியவன் பொறியியல் மூன்றாம் ஆண்டு. ஜாமெட்ரி சார் தை மாதம் காலமானார், உனக்குத் தகவல் வந்திருக்கும். நாயுடு கடை இருந்த இடத்தில் செல்போன் கடை வந்துவிட்டது. நீ தர வேண்டிய பஞ்சர் காசு இன்னும் பாக்கி என்று அவர் மகன் என்னிடம் இரண்டு தடவை சொல்லிவிட்டான். 1986-ல் இருந்து பாக்கியாம். வட்டியோடு கொண்டு வா.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நம் ஊர் சங்கர மடத்துப் பெரியவர் ஜெயேந்திரர் போன புதன்கிழமை காலமானதை நீ அங்கே பூனாவில் டிவியில் பார்த்திருப்பாய். மறுநாள் சாலைத் தெருவில் கால் வைக்க இடமில்லை. மடத்துக்குள் அவருக்கு முந்தைய பரமாச்சாரியாரின் அதிஷ்டானத்துக்கு, அதாவது சமாதிக்கு, பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள். நான் உள்ளே போகவில்லை. எதிர்ப்பக்கம் ஒரு கடை வாசலில் ஒரு மணி நேரத்துக்கு மேல் நின்றேன். 1994 ஜனவரியில் பரமாச்சாரியார் சித்தியானபோது நீயும் நானும் இதே தெருவில் நின்றோம், உன் அப்பா நடுவில் நின்று நம் இரண்டு பேர் தோளையும் பிடித்துக்கொண்டிருந்தார், ஞாபகம் இருக்கிறதா? இந்தத் தடவை நான் தனியாக நின்றேன். நிற்க நிற்க அப்பா ஞாபகம்தான் வந்தது, சுவாமிகளின் ஞாபகம்கூட அப்புறம்தான்.

அந்தத் தீபாவளியைப் பற்றி நாம் ஒரு தடவைகூடப் பேசவில்லை, பாலு. பதிமூன்று வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. இன்றைக்கு நான் பேசுகிறேன், நீ படித்துவிட்டுக் கிழித்துப் போட்டாலும் சரி.

2004 நவம்பர் 11, தீபாவளி ராத்திரி ஆந்திராவில் மஹபூப்நகரில் வைத்து, கோயில் மேனேஜர் சங்கரராமன் கொலை வழக்கில் சுவாமிகளைக் கைது செய்தார்கள். தனி விமானத்தில் கொண்டுவந்து விடிந்ததும் நம் ஊர் கோர்ட்டில் நிறுத்தி, வேலூர் ஜெயிலுக்கு அனுப்பினார்கள். எங்கள் வீட்டில் முந்தின ராத்திரியிலிருந்தே டிவியை அணைக்கவில்லை. அம்மா தீபாவளிக்குத் தீபாவளி ஒரு தட்டு அதிரசமும் முறுக்கும் எடுத்துவைத்து, அக்ரஹாரத்துக்குக் கொடுத்துவிட்டு வா என்று சொல்வாளே, அந்த வருஷமும் சொன்னாள். நான் எடுத்துக்கொண்டு வந்தேன். நீ லீவுக்கு வந்திருந்தாய். அப்பா திண்ணையில் உட்கார்ந்திருந்தார், விபூதி இல்லாத நெற்றியோடு. அவரை அப்படி நான் பார்த்ததே இல்லை. அவர் கையில் தட்டைக் கொடுத்துக்கொண்டே, சிரித்துக்கொண்டே, "என்ன மாமா, உங்க சாமியத் தூக்கிட்டாங்களாமே" என்றேன்.

அப்பா ஒன்றும் சொல்லவில்லை. தட்டை வாங்கித் திண்ணையில் வைத்தார். உள்ளே எடுத்துப் போகவில்லை. நீ கதவுக்குப் பக்கத்தில் நின்று என்னையே பார்த்தாய், அப்புறம் உள்ளே போய்விட்டாய். நான் கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத் திரும்பி வந்தேன். தட்டு என்ன ஆனது என்று அம்மா கேட்டபோது மறந்துவிட்டேன் என்று பொய் சொன்னேன்.

நான் அப்படிச் சொன்னதற்கு டிவியைக் காரணம் காட்டப் போவதில்லை, வாய் என்னுடையது. ஆனால் அந்த நாட்களில் என் மண்டைக்குள் என்ன ஓடிக்கொண்டிருந்தது என்று உனக்குத் தெரிய வேண்டும். ஊரில் யாரும் சாப்பாட்டைப் பற்றிப் பேசவில்லை, கூலியைப் பற்றிப் பேசவில்லை. வாரம் இரண்டு தடவை வரும் பத்திரிகைகள் கடைக்கு வந்த ஒரு மணி நேரத்தில் தீர்ந்துவிடும், டீக்கடையில் ஒருத்தர் வாய்விட்டுப் படிக்க மற்றவர்கள் கேட்பார்கள். இன்றைக்கு ஒரு வாக்குமூலம், நாளைக்கு ஒரு வங்கிக் கணக்கு, அடுத்த நாள் ஒரு பெண் பெயர். எது கோர்ட்டில் சொன்னது, எது போலீஸ் வராந்தாவில் யாரோ காதோடு சொன்னது என்று பிரித்துப் பார்க்க எங்களுக்குத் தெரியவும் இல்லை, தெரிந்துகொள்ள ஆசையும் இல்லை. ஜெயலலிதா ஆட்சியில் இப்படி ஒருத்தரைப் பிடிக்கிறார்கள் என்றால் ஆதாரம் இல்லாமலா பிடிப்பார்கள் என்பதுதான் எல்லோர் வாயிலும். மடத்துக்கு வேண்டியவர் என்று நினைத்திருந்த முதலமைச்சரே பிடிக்கச் சொல்லிவிட்டாரே, அப்புறம் என்ன சாட்சி வேண்டும் என்று நானே பேசினேன்.

தில்லியில் பா.ஜ.க. தலைவர்கள் தர்ணா உட்கார்ந்தார்கள். இங்கே தமிழ்நாட்டில் அப்படி ஒன்றும் பெரிய கொந்தளிப்பு இல்லை. அதைப் பார்த்துப் பெருமைப்பட்டவர்களில் நானும் ஒருத்தன். நம் ஜனங்களுக்குச் சட்டம்தான் பெரிது, சாமியார் இல்லை என்றேன். அந்தப் பேச்சில் இப்போதும் எனக்கு வெட்கம் இல்லை, பாலு. எவ்வளவு பெரிய பீடமாக இருந்தாலும் கொலைக் குற்றச்சாட்டு வந்தால் விசாரிக்கத்தான் வேண்டும். அப்பாவிடம் நான் பேசியது அதுவல்ல. அப்பாவிடம் பேசியபோது எனக்கு விசாரணையும் வேண்டியிருக்கவில்லை, சட்டமும் வேண்டியிருக்கவில்லை. சின்ன வயதில் உங்கள் தெருவில் நடக்கும்போது நான் பட்டது எதையோ அன்றைக்குத் தீர்த்துக்கொண்டேன். ஆனால் அந்தத் தெருவில் என்னை வீட்டுக்குள் கூப்பிட்டு, கூடத்தில் உட்காரவைத்துக் குழந்தைக்குச் சொல்வது மாதிரி கணக்குச் சொல்லிக் கொடுத்த ஒரே மனிதர் உன் அப்பா. அவரிடம் போய்த் தீர்த்தேன்.

அப்பாவுக்கு அது இரண்டாவது அடி என்று எனக்கு அப்புறம்தான் உறைத்தது. 1987-ல் சுவாமிகள் சன்னியாசிக்குரிய தண்டத்தையும் விட்டுவிட்டு மடத்தைவிட்டுக் காணாமல் போனபோது அப்பா எத்தனை நாள் சரியாகச் சாப்பிடாமல் இருந்தார்! அவர் கர்நாடகாவில் தலைக்காவேரியில் இருக்கிறார் என்று தெரிந்த பிறகுதான் காபியே குடித்தார். நமக்குப் பதினெட்டு வயது, நமக்கு அது விளையாட்டு. கிளாஸுக்கு வராதவனை எல்லாம் தலைக்காவேரி போய்ட்டான் என்று சொல்லி எத்தனை வருஷம் சிரித்தோம். நீ பூனாவுக்குப் போன முதல் வருஷம் கடிதமே போடாதபோது, "என்னடா தலைக்காவேரியா?" என்று கார்டு போட்டேனே, அதற்கு நீ நாலு பக்கம் திட்டி எழுதினாயே, அந்தக் கடிதத்தை இன்னும் வைத்திருக்கிறேன். உன் கையெழுத்து அப்போதே கோழி கிண்டிய மாதிரிதான்.

2013 நவம்பர் 27 அன்று மத்தியானம் உன்னிடமிருந்து ஒரு எஸ்எம்எஸ் வந்தது. "எல்லாரும் விடுதலை. அப்பா இல்லை கேட்க." அவ்வளவுதான். நான் தறியில் இருந்தேன். எத்தனை தடவை படித்தேன் என்று எண்ணவில்லை. பதில் போடவில்லை. மன்னிப்புக் கேட்டால் நான் பேசியது எல்லாமே தப்பு என்று ஆகிவிடும் என்று ஒரு வீம்பு. அந்தச் சாட்சிகள் எப்படிப் பிறழ்ந்தார்கள் என்று உன்னைக் கேட்க வேண்டும் என்று இன்னொரு வீம்பு. அப்பா காரியத்துக்கு 2011-ல் நான் வந்தேன் என்று உனக்குத் தெரியாது. தெருமுனை வரைக்கும் வந்தேன். மாலையைப் பிள்ளையார் கோயில் வாசலில் வைத்துவிட்டுத் திரும்பிவிட்டேன்.

இத்தனை வருஷம் கழித்து இப்போது எழுத வைத்தது என் மகன். ஜனவரியில் நடந்தது உனக்குத் தெரிந்திருக்கும், சென்னையில் புத்தக வெளியீட்டு விழாவில் தமிழ்த்தாய் வாழ்த்து பாடியபோது மடத்தின் இளையவர் விஜயேந்திரர் எழுந்திருக்கவில்லை, தேசிய கீதத்துக்கு எழுந்தார், தியானத்தில் இருந்தார் என்று மடம் சொன்னது. எனக்கும் அது பிடிக்கவில்லை. கவர்னர் எழுந்து நிற்கும்போது இவருக்கு என்ன என்று நானும் கோபப்பட்டேன். பையன் போனில் அந்த வீடியோ நூறு விதமாக வந்தது, பாட்டுப் போட்டு, படம் ஒட்டி, கெட்ட வார்த்தை சேர்த்து. அது ஓய்ந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை, புதன்கிழமை சாவுச் செய்தி வந்ததும் அவன் கூட்டாளிகள் ஆரம்பித்தார்கள். இவனும் ஒன்று போட்டான். அதை இங்கே எழுத மாட்டேன். செத்த மனிதரைப் பற்றி, இன்னும் உடம்பு கூடத்தில் இருக்கும்போது. நான் அவனிடமிருந்து போனைப் பிடுங்கிவிட்டேன். "கொலைகாரனுக்கு என்னப்பா மரியாதை" என்றான். கோர்ட் விடுதலை பண்ணியாச்சு என்றேன். "அப்ப அந்த மேனேஜரை யார்தான் கொன்னது?" என்றான்.

எனக்குப் பதில் தெரியவில்லை, பாலு. அன்றைக்கு ராத்திரி தூங்கவில்லை. அவன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான், நான் சட்டையைப் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டேன்.

மறுநாளும் அதற்கு மறுநாளும் உட்கார்ந்து பழையதை எல்லாம் தேடிப் படித்தேன். படிக்கப் படிக்க எனக்கு யார் மேல் கோபம் வருகிறது என்றே தெரியவில்லை. 2005 ஜனவரி 10 அன்று சுப்ரீம் கோர்ட் ஜாமீன் கொடுத்தபோது, ஒப்புதல் வாக்குமூலம் என்று சொல்லப்படுவதைத் தவிர, சதியில் அவருக்குப் பங்கு இருந்தது என்று காட்ட உருப்படியான ஆதாரம் எதுவும் முன்வைக்கப்படவில்லை என்று சொல்லியிருக்கிறது. இது கைதாகி இரண்டே மாதத்தில். நான் அதைப் படித்த ஞாபகமே இல்லை. ஏன் என்றால் அதே நாளில் மடத்துக்குள் போய் விஜயேந்திரரைக் கைது செய்தார்கள், டீக்கடையில் அதுதான் பேச்சு. மடத்தின் 183 வங்கிக் கணக்குகளை முடக்கினார்கள், அது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. அந்த முடக்கத்தை நீதிமன்றம் ரத்து செய்தது, அது ஞாபகம் இல்லை. அந்த வருஷம் அக்டோபரில், இங்கே நியாயமாக விசாரணை நடக்காது என்று வழக்கையே புதுச்சேரிக்கு மாற்றினார்கள். தமிழ்நாட்டு அரசு நடந்துகொண்ட விதத்தைக் கடுமையாகக் கண்டித்திருக்கிறார்கள். இதெல்லாம் பேப்பரில் வராமலா இருந்திருக்கும்? வந்திருக்கும். கைது என்றால் எட்டுப் பத்தி, ஜாமீன் என்றால் ஒரு பத்தி, எனக்கு அந்த ஒரு பத்தியைப் படிக்கப் பொறுமை இல்லை.

உன் பக்கத்துக்கும் சொல்ல வேண்டியது இருக்கிறது, சொல்லாமல் விட்டால் இது மன்னிப்புக் கடிதமாக மட்டும் நின்றுவிடும். 189 சாட்சிகளை விசாரித்தார்கள். அதில் 83 பேர் பிறழ்சாட்சி ஆனார்கள். அப்ரூவரே மாறிவிட்டார். குற்றம் சாட்டப்பட்ட 24 பேரில் ஒருத்தர் வழக்கு நடக்கும்போதே வெட்டிக் கொல்லப்பட்டார். மீதி 23 பேரும் விடுதலை. நீ அனுப்பிய எஸ்எம்எஸ் சரிதான், சட்டப்படி அவர் குற்றமற்றவர், அதை நான் இப்போது மனசாரச் சொல்கிறேன், என் மகனிடமும் சொன்னேன். ஆனால் 83 பேர் போலீஸிடம் ஒன்று சொல்லி கோர்ட்டில் வேறொன்று சொன்னார்கள் என்றால், ஒன்று போலீஸ் அவர்கள் வாயில் வார்த்தையைத் திணித்திருக்க வேண்டும், இல்லையென்றால் அப்புறம் யாரோ அவர்களைப் பயமுறுத்தியோ விலை பேசியோ இருக்க வேண்டும். இரண்டில் எதுவாக இருந்தாலும் பெரிய அநியாயம். எது என்று யாராவது கேட்டார்களா? மேல்முறையீடும் போகவில்லை. மடத்துப் பக்கம் பட்டாசு வெடித்தார்கள், எங்கள் பக்கம் பணம் ஜெயித்துவிட்டது என்று சொல்லி எழுந்து போனோம். நான் பார்த்தவரைக்கும் ஒரு வாரத்தில் பேச்சே அடங்கிவிட்டது.

சங்கரராமனைப் பற்றி நீயும் நானும் எப்போதாவது ஒரு வார்த்தை பேசியிருக்கிறோமா? 2004 செப்டம்பர் 3, வெள்ளிக்கிழமை சாயங்காலம், வரதராஜப் பெருமாள் கோயில் ஆபீஸில் தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்த மனிதரை உள்ளே வந்து வெட்டிப் போட்டுவிட்டுப் போனார்கள். வெள்ளிக்கிழமை, கோயிலில் ஜனம் நடமாடுகிற நேரம். அவர் மடத்துக்கு அந்நியர் இல்லை, பரமாச்சாரியார் மேல் அவ்வளவு பக்தி உள்ளவர். மடத்தில் நடப்பது சரியில்லை என்று நினைத்ததைக் கடிதமாக எழுதிக்கொண்டிருந்தார். சோமசேகர கனபாடிகள் என்ற பெயரில் வந்த கடிதங்களும் அவருடையவைதான் என்று போலீஸ் சொன்னது. அவர் உங்கள் ஆள், பாலு. உன் அப்பா மாதிரி ஒரு ஆள், வாயை மூடிக்கொண்டு இருக்கத் தெரியாத உன் அப்பா என்று வேண்டுமானால் சொல்லலாம். அவரைக் கொன்ற அன்றைக்கு நம் ஊரில் பெரிய பேச்சு இல்லை. செப்டம்பர், அக்டோபர் இரண்டு மாதம் அவர் ஒரு கொலை வழக்கு எண். நவம்பரில் சுவாமிகள் பெயர் வந்த பிறகுதான் அவர் போட்டோ எல்லாப் பத்திரிகையிலும் வந்தது, அதுவும் மூலையில் சின்னதாக. ஒன்பது வருஷம் கழித்து எல்லோரும் விடுதலை என்றதும் அந்த மூலைப் போட்டோவும் போய்விட்டது.

உனக்கு அவர் நினைவு வந்தால் சுவாமிகளுக்குத் துரோகம் செய்தது மாதிரி இருந்திருக்கும். எனக்கு அவர் நினைவு வந்ததெல்லாம் சுவாமிகளைத் திட்டுவதற்கு ஒரு கல்லாகத்தான். அவர் மனைவி, பிள்ளைகள் எப்படி இருந்தார்கள் என்று நான் நினைத்துப் பார்த்ததே இல்லை. இத்தனைக்கும் சனிக்கிழமை தவறாமல் அந்தக் கோயிலுக்குப் போகிறவன் நான்.

நேற்றும் சனிக்கிழமை. போனேன். ராஜகோபுரம் தாண்டி உள்ளே போனதும், நூற்றுக்கால் மண்டபத்துக்கு இந்தப் பக்கமே கால் நின்றுவிட்டது. கல்யாணக் கூட்டம் ஒன்று போட்டோ எடுத்துக்கொண்டிருந்தது. தங்கப் பல்லிக்கு வழி கேட்டு ஒரு ஆந்திராக் குடும்பம் வந்தது, காட்டினேன். அப்புறம் ஆபீஸ் பக்கம் போய் அர்ச்சனை டிக்கெட் வாங்குகிறவன் மாதிரி கொஞ்ச நேரம் நின்றேன். உள்ளே ஒருத்தர் லெட்ஜரில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தார். என்ன வேண்டும் என்று கேட்டார். ஒன்றும் இல்லை என்று சொல்லிவிட்டு வந்தேன். கேட்டு மட்டும் என்ன ஆகப் போகிறது? ஆனாலும் என் மகன் கேட்ட கேள்வியை அங்கே நின்று ஒரு தடவை மனசுக்குள் கேட்க வேண்டும் போல் இருந்தது.

வீட்டுக்கு வந்து பையனிடம் எனக்குத் தெரிந்ததை எல்லாம் சொன்னேன், தட்டு விஷயத்தையும் சேர்த்து. அவன் தன் பதிவை அழித்துவிட்டான். அழித்ததை என்னிடம் சொல்லவில்லை, அவன் தங்கச்சி சொல்லித்தான் தெரியும். "அந்த மாமாகிட்ட நீ சாரி சொன்னியா?" என்று மட்டும் கேட்டான். சொல்லவில்லை என்றேன். அதற்கு மேல் அவன் பேசவில்லை.

அப்பாவிடம் சொல்ல முடியாது. உன்னிடம் சொல்கிறேன். அன்றைக்கு நான் பேசியது தப்பு, பாலு. சுவாமிகள் விடுதலை ஆனதால் அது தப்பு ஆகவில்லை. அவருக்குத் தண்டனை கிடைத்திருந்தாலும் அது தப்புதான். வீட்டு வாசலில், ஒரு வயதான மனிதரின் மனசு உடைந்திருக்கும்போது, அவர் கையில் பலகாரத்தைக் கொடுத்துக்கொண்டு அப்படிச் சிரித்திருக்கக் கூடாது. உன் எஸ்எம்எஸ்ஸுக்கு அன்றைக்கே பதில் போட்டிருக்க வேண்டும். மன்னித்துவிடு.

நாற்பது வருஷத்துக்கு ஒரு தடவை கோயில் குளத்திலிருந்து எடுக்கிற அத்தி வரதர் அடுத்த வருஷம் வெளியே வருகிறார், மறக்கவில்லையே? 1979-ல் நமக்குப் பத்து வயது, அப்பாதான் நம் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு வரிசையில் நின்றார், நீ பாதியில் ஒன்றுக்கு வருகிறது என்று அழுது, மூன்று பேரும் மறுபடியும் கடைசியில் போய் நின்றோம். அடுத்த தடவை வரும்போது நீங்கள் ரெண்டு பேரும் உங்கள் பிள்ளைகளைக் கூட்டி வர வேண்டும், நான் இருக்க மாட்டேன் என்று அப்பா சொன்னார். அப்போதே சொன்னார். இந்தத் தடவை கூட்டம் எப்படி இருக்கும் என்று தெரியாது, ஆனால் என் வீடு கோயிலிலிருந்து நடக்கிற தூரம். குடும்பத்தோடு வந்து தங்கு. பக்தவத்சலு கேட்டால் நான் கூப்பிட்டேன் என்று சொல்லாதே, அவன் இன்னும் அந்தக் கிரிக்கெட் மட்டை விஷயத்தை விடவில்லை.

அந்தத் தட்டு ஒருவேளை உங்கள் வீட்டில் இன்னும் இருக்கலாம். எவர்சில்வர், விளிம்பில் அம்மா பெயர் வெட்டியிருக்கும். அக்காவிடம் கேட்டேன், பரணில் பார்க்கிறேன் என்றாள். கிடைத்தால் கொண்டு வா, அம்மா இப்போதும் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

உன்
ரங்கன்